ஒப்படைக்காத விசில்

நடத்துநர் சூசைமாணிக்கம் ஓய்வு பெற்று இரண்டு ஆண்டுகளாகியும், டிப்போ கொடுத்த விசிலைத் திருப்பித் தரவில்லை என்று பணிக்கொடையை நிறுத்தி வைத்திருந்தார்கள். அவர் தினமும் வீட்டைக் கலைத்துத் தேடினார். கண்புரை முற்றிய மனைவி, கொட்டிக் கிடந்தவற்றில் இடறி நடந்தாள்.

ஒருநாள் டிப்போ எழுத்தர் நூர்ஜகான் தன் சின்ன மகளின் விசிலை மேசையில் வைத்தாள். "இதாண்ணே உங்க விசிலு. ஒப்படைச்சேன்னு கையெழுத்துப் போடுங்க."

"பொய்யாச்சேம்மா?"

"ரெண்டு வருசம் உங்கள இழுத்தடிச்ச பாவத்தைவிடவாண்ணே?"

பணம் வந்தது. அதில் மனைவிக்குக் கண் அறுவை சிகிச்சை முடிந்து கட்டுப் பிரித்த அன்றே, மாதா படத்துக்குப் பின்னால் அவரே மாட்டி மறந்த விசிலை அவள் எடுத்து நீட்டினாள். அவருக்குச் சோறு இறங்கவில்லை. மறுநாள் மூடிய கையோடு நூர்ஜகான் முன் போய் நின்றார்.

"என்னண்ணே?"

"பாப்பா... விசில் இல்லாம அழுதாளாம்மா?"

அவள் அந்தக் கையையே பார்த்தாள்.