வெளியூர் ஆள்

"நான் திருச்சி. நேத்துதான் சிங்கப்பூர் வந்தேன்" என்றாள் ரஞ்சிதம், கொஞ்சமும் கூசாமல்.

பழைய தெருக்களைச் சுற்றிக்காட்டும் வழிகாட்டி அருண்ராஜுக்கு முகமெல்லாம் பல். "திருச்சியிலேருந்தா! வாங்கக்கா, வாங்க!" என்றான். இடுப்பில் கட்டியிருந்த சின்ன ஸ்பீக்கர் அந்த வரவேற்பைத் தெருக்கோடி வரைக்கும் கொண்டுபோய்ச் சேர்த்தது.

உண்மையில் ரஞ்சிதத்தின் வீடு அதே தெருவில்தான் இருந்தது. அதோ, அந்தப் பச்சைக் கதவு. ஜாலான் புசார் பக்கம், சுவரில் பூ ஓடு பதித்த பழைய வீடுகள் வரிசையாக நிற்கும் அமைதியான சந்து. காக்கா கத்தினால்கூட ஏன் என்று கேட்பார்கள் என்று சொல்லித்தான் வீட்டு ஏஜெண்ட் அதை அவள் தலையில் கட்டினார்.

அவள் மருத்துவமனையில் இரவு நேரத் தாதி. சனிக்கிழமை காலையில் வந்து படுத்துக் கண்ணயரும் நேரம் பார்த்து, ஜன்னலுக்குக் கீழே, "நண்பர்களே, மேலே பாருங்க!" என்று இந்த ஸ்பீக்கர் அலறும். மேலே இருப்பது அவளுடைய படுக்கையறை.

பொறுத்துப் பொறுத்துப் பார்த்தாள். கடைசியில், தானே ஒரு தடவை கூடப் போய், அந்தக் கத்தலைப் போனில் பதிவுசெய்து, புகார் அனுப்பிவிடுவது என்று முடிவெடுத்தாள். தொப்பி, கறுப்புக் கண்ணாடி, முகக்கவசம். பெற்ற தாய்க்கே அடையாளம் தெரியாது. தெருவில் யாருக்குத் தெரியப்போகிறது? பகலெல்லாம் தூங்குகிறவளுக்கு அக்கம்பக்கத்தில் யாரைத் தெரியும்?

அவளைத் தவிர மூன்று பேர் வந்திருந்தார்கள். தொப்பியைப் புருவம் வரை இழுத்துவிட்டிருந்த பெரியவர், "சேதுபதி. ஜொகூர்" என்று சுருக்கமாக முடித்துக்கொண்டார். ஜெய், தாரணி என்ற இளஞ்ஜோடி, "நாங்க ஆங் மோ கியோலேருந்து வர்றோம் லா" என்றது. பாவம், அவ்வளவு தூரத்திலிருந்து இந்தக் கத்தலைக் கேட்க வந்திருக்கிறார்களே என்று ரஞ்சிதம் பரிதாபப்பட்டாள்.

"இந்த ஓட்டுல இருக்கற பூவைப் பாருங்க!" என்றான் அருண்ராஜ். பூவை ஒருவரும் பார்க்கவில்லை. எல்லாருடைய போன்களும் அவனையே பார்த்து நீண்டன. அவனுக்குப் பெருமை பிடிபடவில்லை. தலைமுடியைக் கோதிவிட்டுக்கொண்டான்.

"தம்பி, கொஞ்சம் சத்தம்…" என்று ஆரம்பித்தாள் ரஞ்சிதம்.

"பத்தலையாக்கா? இருங்க" என்று ஸ்பீக்கரை இன்னும் கூட்டினான்.

நல்லது, பதிவாகட்டும் என்று பல்லைக் கடித்துக்கொண்டாள்.

பச்சைக் கதவுக்கு எதிரே வந்ததும் அவன் குரலில் திடீரென்று ஒரு மர்மம் ஏறியது. "இந்த வீடு பகல்ல எப்பவும் பூட்டியே கிடக்கும். ஆனா ராத்திரியானா ஒரு உருவம் வெளியில போகும்னு சொல்றாங்க."

"வெள்ளைச் சேலையா?" என்று தாரணி கணவனின் கையைப் பிடித்துக்கொண்டாள்.

"இல்ல. நீல பேண்ட்."

ரஞ்சிதத்துக்குக் காது சிவந்தது. அது அவளுடைய யூனிஃபார்ம்.

"விடிஞ்சதும் திரும்பி வந்துடும். கேட் கிரீச்சுங்கும்" என்றார் சேதுபதி. பிறகு இருமினார். "அப்படின்னு… ஜொகூர்ல பேசிக்கிட்டாங்க."

கடல் தாண்டி மலேசியா வரைக்கும் தன் மானம் கப்பலேறிவிட்ட ஆத்திரத்தில் ரஞ்சிதத்துக்கு வேறெதுவும் ஓடவில்லை. புகாரில் இந்தப் பேய் விஷயத்தையும் சேர்த்துவிட வேண்டியதுதான்.

அந்த நேரம் பார்த்து வானம் பொத்துக்கொண்டது. அப்படி ஒரு மழை.

"ஐயோ, என் துணி!" என்று ஒரே ஓட்டமாக ஓடிய ரஞ்சிதம், சாவியை எடுத்துப் பச்சைக் கதவைத் திறந்தும் விட்டாள். அதற்குப் பிறகுதான் உறைத்தது. தன் குட்டு உடைந்துபோயிற்று. மெல்லத் திரும்பிப் பார்த்தாள்.

யாரும் அவளைப் பார்க்கவில்லை. பக்கத்து வீட்டு வாசலில், "ஜன்னல் எல்லாம் திறந்து கிடக்கே" என்று புலம்பியபடி பூட்டோடு போராடிக்கொண்டிருந்தார் சேதுபதி. எதிர் வீட்டில் ஜெய் கேட்டைத் திறந்து பிடிக்க, தாரணி வாசலில் கிடந்த செருப்புகளை அள்ளி உள்ளே வீசிக்கொண்டிருந்தாள்.

நாலு பேரும் ஒரே நேரத்தில் ஒருவரை ஒருவர் பார்த்துக்கொண்டார்கள்.

"நீங்க ஜொகூர்னீங்க?" என்றாள் ரஞ்சிதம்.

"நீங்க திருச்சின்னீங்களேம்மா?" என்றவர், பச்சைக் கதவையும் அவளையும் மாறி மாறிப் பார்த்தார். "அப்ப அந்த நீல பேண்ட்…"

ஜெய் அசடு வழியப் போனைத் தூக்கிக் காட்டினான். "நீங்களும் கம்ப்ளெய்ண்ட் பண்ணத்தான வந்தீங்க? நாங்களும் அதுக்குத்தான் அங்க்கிள். சனிக்கிழமை ஒரு நாள்தான் லேட்டா எழுந்திருக்க முடியும். அதையும் கெடுக்கறான் லா."

ரஞ்சிதத்துக்குச் சிரிப்புப் பொத்துக்கொண்டு வந்தது. குடிவந்த நாளிலிருந்து அக்கம்பக்கத்தோடு அவள் பேசிய முதல் பேச்சு இதுதான். "எல்லாரும் சேர்ந்தே அனுப்பிடுவோம். அடுத்த வாரமே நின்னுடும்" என்றாள். சேதுபதி கட்டை விரலை உயர்த்தினார்.

தெரு நடுவே குடையோடு தனியாக நின்ற அருண்ராஜின் மூக்குக்கண்ணாடி முழுக்க மழைநீர். எல்லாரும் வீடுகளின் முன்னால் கூரைக்கடியில் ஓடும் அஞ்சடி நடைபாதையில் ஒதுங்கி நிற்கிறார்கள் என்றே அவன் நினைத்திருந்தான். காதில் வைத்திருந்த போனைப் பையில் போட்டுவிட்டு ஸ்பீக்கரைத் தட்டினான்.

"நண்பர்களே! ஒருத்தர் ரெண்டு பேருக்கு மேல வர்றதில்லைன்னு இந்த டூரையே இன்னையோட நிறுத்தறதா இருந்தாங்க." மூக்கை உறிஞ்சிக்கொண்டான். "நாலு பேர் வந்திருக்கீங்க, வீடியோகூட எடுத்தீங்கன்னு இப்பத்தான் பாஸ்கிட்ட சொன்னேன். அவருக்கு ஒரே சந்தோஷம்."

சேதுபதியின் கட்டை விரல் மெல்லக் கீழே இறங்கியது.

"இனிமே ஞாயித்துக்கிழமையும் உண்டு!"