வீட்டுக்காரர் வருவதற்குள்

வேலுத்தாயின் புருஷன் வருவதற்குள் இந்த வீட்டைவிட்டுப் போய்விட வேண்டும். லிங்கேஸ்வரன் தன்னிடம் இருந்த இரண்டு சட்டையையும் பையில் திணித்தார். மலையிலிருந்து போடிக்கு இறங்கும் ஜீப்பை வாசலில் நிறுத்தும்படி செல்லில் சொல்லியாயிற்று.

எல்லையில் சண்டைக்குப் போனவன் வீட்டில், அவன் பெண்டாட்டி கையால் வேளாவேளைக்குச் சோறு தின்று கிடப்பதெல்லாம் ஒரு பிழைப்பா? எப்படி இங்கே வந்து ஒட்டிக்கொண்டோம் என்று எவ்வளவு யோசித்தும் பிடிபடவில்லை. வெட்கம் பிடுங்கித் தின்றது.

தோட்டத்தில் ஏலக்காய் எடுத்துவிட்டுத் திரும்பியதும், அவள் தினமும் புருஷனின் கடிதம் ஒன்றைப் படித்துக் காட்டுவாள். பனியைப் பற்றி வந்தால் இவருக்குக் கால்விரல் மரத்துப்போகும். பக்கத்தில் நின்ற சிப்பாய் குண்டடிபட்டுச் செத்ததைக் கேட்ட அன்று, இவர் வாய்விட்டு அழுதார்.

'இப்படிக்கு' என்றதும் நிறுத்திவிடுவாள். புருஷன் பேரைச் சொன்னால் அவன் ஆயுசு குறையும் என்று பயப்படுகிறவள். அதிலும் பட்டாளத்துக்காரன் பெண்டாட்டி, பயத்துக்குக் கேட்பானேன்!

இன்று அவள் வாசலை மறித்து நின்றாள். "கடைசிக் காயிதம். இதை மட்டும் கேட்டுட்டுப் போங்க."

மடிப்புக் கிழிந்திருந்த அந்த இன்லண்ட் கடிதத்தைப் படித்தாள். சண்டை முடிந்துவிட்டது, லீவு கிடைத்துவிட்டது, மதுரையில் இறங்கியதும் நேரே வீட்டுக்குத்தான் என்று எழுதியிருந்தது.

லிங்கேஸ்வரனுக்கு நெஞ்சு நிறைந்தது. நல்ல மனுஷன், உயிரோடு வருகிறான்.

"அதான் வரப்போறாருல்ல தாயி. வந்து என்னைய இங்க பாத்தா என்ன நெனைப்பாரு? வழிய விடு."

வெளியே ஜீப் ஹாரன் அடித்தது. வேலுத்தாய் கடிதத்தை மறுபடி விரித்து, கால் நூற்றாண்டுக் குடித்தனத்தில் ஒருநாளும் சொல்லாததைச் சொன்னாள்.

"இப்படிக்கு, லிங்கேஸ்வரன்."

அவர் பையைக் கீழே வைத்தார்.

"நான் எத்தனவாட்டி சொல்லியும் நீங்க நம்பல. நீங்க எழுதுனதையாச்சும் நம்புங்க."

கடிதத்தை வாங்கி வெகுநேரம் பார்த்தார். காத்திருந்து பார்த்துவிட்டு ஜீப் கிளம்பிப் போனது. அதன் சத்தம் வளைவில் அடங்கியதும் அவர் கேட்டார்.

"அப்ப… நான் வந்துட்டனா, வேலு?"