ஓ.டி. கணக்கு

சிமெண்ட் ஆலையில் நைட் ஷிஃப்ட் முடித்துத் தூங்காமல் பெண் பார்க்க வந்திருந்த அரவிந்தனுக்குக் கண் எரிந்தது. எதிரே இருந்த சத்யா சரியென்று சொல்லிவிட்டால் போதும்.

"வாரத்துக்கு நாப்பத்தெட்டு மணி நேரந்தாங்க வேலை. அதுக்கு மேல ஓ.டி. ஒரு மணி பார்த்தா ரெண்டு மணிச் சம்பளம்."

"நீங்க எவ்வளவு பார்ப்பீங்க?"

"தினம் ரெண்டு மணி. ஆறு நாளைக்குப் பன்னெண்டு, சம்பளத்துல இருபத்தி நாலு. ஆக, எழுபத்திரெண்டு மணிச் சம்பளம்!" அவனுக்குக் களைப்பே மறந்துவிட்டது.

"ஞாயித்துக்கிழமை?"

"கூப்பிட்டா ஓடிருவேங்க."

"தீபாவளி?"

"அன்னிக்குந்தான்! மாட்டேன்னு சொன்னதே இல்லீங்க."

சத்யா எழுந்து கூடத்துக்குப் போனாள். பூ, பழத் தட்டுகளோடு இரண்டு வீட்டாரும் அவள் முகத்தையே பார்த்தார்கள்.

"நல்ல மனுசந்தாம்ப்பா. ஆனா இவரு ஏற்கெனவே சிமெண்ட் ஆலைக்கு வாக்கப்பட்டுட்டாரு."