அதிகாரி சிரிக்காத படம்

1968 ஆகஸ்டில், பிராக் நகரத்துக்குள் அந்நிய டாங்கிகள் நுழைந்த வாரம். அதிகாரிகளைக் கேலி செய்யும் செக் மொழிப் படச்சுருள் ஒன்று தணிக்கை அறையில் தன் முறைக்காகக் காத்திருந்தது.

"தணிக்கை அதிகாரி எந்த இடத்துல சிரிக்கிறாரோ, அந்த இடத்தை வெட்டிருவேன் தம்பி. இங்கே அதுதான் வழக்கம்," என்றது கத்தரிக்கோல்.

சிரிக்க வைக்கவே பிறந்த சுருள், 'இந்த ஆள் சிரித்துத் தொலைக்கக் கூடாதே' என்று வேண்டிக்கொண்டே ஓடியது.

கடைசிவரை அதிகாரி உதட்டைக்கூட அசைக்கவில்லை.

"தப்பிச்சேன் அண்ணே," என்று பெருமூச்சு விட்டது சுருள்.

அதிகாரி எழுந்து, தகரப் பெட்டியும் பூட்டும் கொண்டுவரச் சொன்னார்.

"வெட்டே இல்லையே, பூட்டு எதுக்கு?"

"சிரிச்சிருந்தா நாலு துண்டோட போயிருக்கும் தம்பி," என்றது கத்தரிக்கோல். "திரையில தெரிஞ்ச ஆள் யாருன்னு அவருக்குப் புரிஞ்சுபோச்சு."