ஜப்தியில் சேராதது

மேசையை எழுதியாகிவிட்டது. அடுத்தது மேசைமேல் இருந்தது.

கையால் சுற்றிக் காலுறை பின்னுகிற சின்ன இயந்திரம். மேசை விளிம்பில் திருகாணி வைத்து இறுக்கியிருந்தது. குதிகால் வரை வந்த சாம்பல் நிறக் காலுறை ஒன்று அதிலிருந்து தொங்கிக்கொண்டிருந்தது.

ம், எழுதுங்கள் என்பதுபோலக் கணக்குப்பிள்ளை என்னைப் பார்த்தார். கடன் கொடுத்தவர் அனுப்பிய ஆள். வெளியூர்க்காரர். ஒரு கரண்டிகூடத் தப்பிவிடக் கூடாது என்று கூடவே வந்திருந்தார்.

நான் கோர்ட் அமீனா. ஜப்திக்கு வந்து நிற்கிறவனிடம் குடிக்கத் தண்ணீர் வேண்டுமா என்று யாரும் கேட்பதில்லை. எனக்கு அதில் வருத்தமும் இல்லை.

அந்த வீட்டுக்காரன் கடைகளுக்குப் பெயர்ப்பலகை எழுதுகிறவன். சிநேகிதன் ஒருவனுக்கு ஜாமீன் போட்டான். சிநேகிதன் கம்பி நீட்டிவிட்டான். இவன் ஊருக்கெல்லாம் நல்லவன், வீட்டுக்குத்தான் கொஞ்சம் கஷ்டம்.

இயந்திரம் அவன் மனைவியுடையது. ஆரம்பத்தில் வெறும் ஊசியால் பின்னி விற்று, சேர்த்து வைத்து வாங்கினாள். அவனுக்குப் பலகை கிடைக்காத மாதங்களில் அடுப்பு எரிந்தது அந்த இயந்திரத்தால்தான்.

அன்றைய சட்டம் அதையெல்லாம் கேட்காது. கல்யாணமாகாத பெண் ஒரு குண்டூசி வாங்கினாலும் அது அவளுடையது. கல்யாணமானவள் யானையே வாங்கினாலும் அது புருஷனுடையது. அவன் கடனுக்கு யானையும் போகும்.

அவள் இயந்திரத்தின் கைப்பிடியிலிருந்து கையை எடுக்கவில்லை. அழவும் இல்லை. அழுதிருந்தால் எனக்குச் சுலபமாக இருந்திருக்கும்.

நான் பேனாவை எடுத்தேன். அப்போதுதான் அவன் வாயைத் திறந்தான்.

“அதை எழுதாதீங்க. அது அவங்களோடது. அவங்க என் சம்சாரம் இல்லைங்க, இங்க வாடகைக்கு இருக்காங்க.”

முழுப் பூசணிக்காயைச் சோற்றில் மறைப்பது என்பார்கள். இவன் தோட்டத்தையே மறைக்கப் பார்த்தான். அந்த வீட்டில் ஒரு கட்டில்தான் இருந்தது. கொடியில் அவன் சட்டையும் அவள் உடுப்பும் உரசிக்கொண்டு காய்ந்தன.

அவளுக்குக் கன்னத்தில் அறை விழுந்த மாதிரி ஆகிவிட்டது. அவனைத் திரும்பிப் பார்த்தாள். அவன் குனிந்து தன் கால் கட்டைவிரலையே பார்த்துக்கொண்டிருந்தான். கழுத்தெல்லாம் வேர்த்திருந்தது. மெல்ல மெல்ல அவளுக்குப் புரிந்தது.

கணக்குப்பிள்ளை சிரித்தார். அந்தப் பெண்ணையே விசாரியுங்கள் என்றார்.

கேட்டேன். வேலை அப்படி.

அவள் இயந்திரத்தைப் பார்த்தாள், அவனைப் பார்த்தாள். ஆமாம் என்றால் இயந்திரம் நிற்கும், பெயர் போகும். இல்லை என்றால் பெயர் நிற்கும், நாளைக்கு அடுப்பு எரியாது.

“ஆமாங்கய்யா, வாடகைக்குத்தான் இருக்கேன். இவரு எனக்கு யாருமில்ல.”

கடைசி வார்த்தையில் குரல் உள்ளே போய்விட்டது. யாருமில்லை என்பதை அவ்வளவு ஆசையாக ஒருத்தி சொல்லி நான் கேட்டதே இல்லை.

எழுதினேன். காலுறை இயந்திரம் ஒன்று, இவ்வீட்டில் குடியிருக்கும் மணமாகாத பெண்ணின் உடைமை, ஜப்தியில் சேராது. கையெழுத்துப் போட்டு முத்திரை வைத்தேன். கணக்குப்பிள்ளை முகத்தைச் சுளித்தார். கோர்ட் ஆளே எழுதிவிட்ட பிறகு அவர் என்ன செய்வார்?

ஆனால் மேசை அவனுடையது. அது போகத்தான் வேண்டும். திருகாணியை அவனே கழற்றினான், தொங்கிய காலுறையில் ஒரு கண்ணிகூட நழுவாமல். வாடகைக்கு இருக்கிறவளுக்கு யாரும் அத்தனை பதமாகக் கழற்றித் தர மாட்டார்கள். அது கணக்குப்பிள்ளையின் கண்ணில் படாதபடி நான் குறுக்கே நின்றுகொண்டேன்.

மேசை படியிறங்கியது. அவள் தரையில் உட்கார்ந்து இயந்திரத்தை மடியில் வாங்கிக்கொண்டாள்.

தெருவில் வண்டியோடு நடக்கும்போதும் கணக்குப்பிள்ளைக்கு மனசு ஆறவில்லை.

“ஒரே கட்டில் சார். ஏன்னு கேக்க அந்தப் பொண்ணுக்கு ஒரு அண்ணன் தம்பி இருந்தா இப்படி விட்டு வச்சிருப்பானா?”

விட்டு வைத்திருக்க மாட்டான்தான் என்றேன்.

அவர் வண்டியோடு திருப்பத்தில் மறைந்தார். எனக்குத்தான் அதற்கு மேல் கால் நகரவில்லை. வீட்டில் அம்மா காத்திருப்பாள். போன காரியம் என்ன ஆயிற்று என்று கேட்பாள். என்னவென்று சொல்வது? உன் மகளுக்கு இன்னும் கல்யாணமே ஆகவில்லை அம்மா, கூடப் பிறந்த அண்ணன் நானே எழுதிக் கையெழுத்துப் போட்டுவிட்டு வந்திருக்கிறேன் என்றா?