பண்பொழி மலைக்கு ஒரு லாரி

நல்லக்கண்ணுவின் இளைய மகள் குழல்வாய்மொழி, டைலர் சோமையாவோடு ஓடிப்போன சேதி கேட்டதும், தாய்மாமன் சுடலையாண்டி வேட்டியை மடித்துக் கட்டிக்கொண்டு வந்து நின்றார்.

“எங்க போயிருக்கா, அத்தான்?”

“பண்பொழி மலைக்கோயிலுக்காம். போனவ போயிட்டா, விடு மாப்ளே.”

“எங்க அக்கா எங்க?”

“சேதி கேட்டு மயங்கி விழுந்துட்டா. வைத்தியர் வீட்டுல கெடக்கா.”

சுடலையாண்டிக்கு நெஞ்சு கொதித்தது. மூத்தவள் கல்யாணத்தில் முதல் தாம்பூலம் யாருக்கு என்று அவருக்கும் நல்லக்கண்ணுவின் பங்காளிகளுக்கும் நடந்த அடிதடியில் பந்தலே சாய்ந்தது. உரிமைக்காக அப்படி மண்டை உடைபட்ட தாய்மாமனை மதிக்காமல் ஒருத்தி ஓடுவதா?

“ஏலே, லாரியைக் கொண்டாங்கலே!”

“வேண்டாம் மாப்ளே, ஒன் கால்ல விழுதேன். யாரும் போவாதிய!” என்று கதறினார் நல்லக்கண்ணு.

“மானஸ்தன், பாவம்” என்று பங்காளிகளே உச்சுக்கொட்டினார்கள். அவரையும் அலாக்காகத் தூக்கி ஏற்றிக்கொண்டு லாரி கிளம்பியது. இலஞ்சி ஊரில் ஆம்பளை ஒருத்தர் மிச்சமில்லை.

இரைக்க இரைக்கப் படியேறி மேலே போனால், தாலி கட்டி முடிந்திருந்தது. மணமக்களுக்குப் பக்கத்தில் பட்டுச்சேலையும் கையில் கரண்டியுமாக நின்றாள், சுடலையாண்டியின் அக்கா முப்பிடாதியம்மாள்.

கூட்டத்தைப் பார்த்ததும் அவள் முகம் வெளுத்தது. புருஷனிடம் பாய்ந்தாள்.

“பத்து எலைக்குத்தான சோறு பொங்கச் சொன்னிய? இப்பம் ஊரையே கூட்டிட்டு வந்து நிக்கியளே!”