நூற்றேழு தரம் ஓதிய எண்ணெய்

போத்தல் மூடியைத் திறக்க ஆனந்தராசாவுக்குக் கை வரவில்லை.

எதிர்க் கதிரையில் சுலோஜனா இருந்தாள். வெள்ளிக்கிழமை, காலை பத்து மணி. தலைமுழுகி, மாம்பழ மஞ்சளில் ஒரு சேலை உடுத்து வந்திருந்தாள். இந்தச் சேலை யாருக்காக என்று நினைத்ததுமே அவருக்கு வயிறு எரிந்தது.

பாலையூற்று ஊரில் மந்திரம் ஓதிய எண்ணெய் என்றால் அது ஆனந்தராசாவின் எண்ணெய்தான். கடலுக்குப் போகிறவர்கள் படகின் முன்பக்கத்தில் தடவ வாங்குவார்கள். நேர்முகப் பரீட்சைக்குப் போகிறவர்கள் புருவத்தில் தடவ வாங்குவார்கள். போன மாதம் ஒருவர் கிரிக்கெட் மட்டையில் தடவிக்கொண்டு போய், முதல் பந்திலேயே ஆட்டமிழந்து, மட்டைதான் சரியில்லை என்று வந்து சொன்னார். எண்ணெயில் அவ்வளவு நம்பிக்கை.

ஊரில் உள்ளவர்களுக்கெல்லாம் கதவு திறக்க எண்ணெய் காய்ச்சுகிற மனிதருக்குத் தன் வாயைத் திறக்க மட்டும் வழி தெரியவில்லை.

சுலோஜனா துறைமுகத்துக்குப் போகிற வீதியில் படகுகளை மழைக்கு மூடுகிற படங்கு தைக்கிறாள். புருஷனை இழந்து பத்து வருடம். இவருக்கோ ஐம்பத்திரண்டு வயதாகியும் கலியாணம் என்று ஒன்று நடக்கவில்லை. மூன்று வருடமாக அவள் கடைக்குப் போய்வருகிறார். இன்றைக்குச் சொல்லிவிடுவது என்று போவார். அவள் நிமிர்ந்து, என்ன வேண்டும் என்று கேட்பாள். இவர் ஒரு படங்குக்கு அளவு கொடுத்துவிட்டு வந்துவிடுவார்.

ஒழுகாத கூரைக்கு இதுவரை ஐந்து படங்கு சேர்ந்துவிட்டது.

போன வெள்ளிக்கிழமை அவளே அவர் வீட்டுக்கு வந்தாள். படியேறி வந்தவளைப் பார்த்து அவர் ஒரு கணம் என்னவெல்லாமோ நினைத்துவிட்டார்.

“ஒருத்தர் இருக்கிறார். மனசுக்குள்ள வைச்சுக்கொண்டு வாய் திறக்கிறாரில்லை. அவரைக் கதைக்க வைக்கிற எண்ணெய் ஒண்டு செய்து தாங்கோ.”

ஆள் யார் என்று அவர் கேட்கவில்லை. கேட்டுத்தான் தெரிய வேண்டும் என்று இல்லை. சசிகரன்தான். இழுவைப் படகில் வேலை செய்கிறவன். கிழமைக்கு இரண்டு தரம் அவள் கடை வாசலில் மோட்டார் சைக்கிளை நிறுத்துகிறான். அதிகம் பேசமாட்டான். அதோடு அந்த மீசை வேறு.

ஆனாலும் தொழில் தொழில்தான். நல்லெண்ணெயில் வெட்டிவேர் போட்டார், தொட்டாற்சுருங்கி வேர் போட்டார், பேச்சுப் பிந்திய குழந்தைகளுக்கு நாக்கில் உரசித் தடவுகிற வசம்பையும் தட்டிப் போட்டார். சிறுதீயில் வைத்துப் பக்கத்திலேயே இருந்து காய்ச்சினார். சாமானில் ஒரு குறையும் வைக்கவில்லை.

மந்திரத்தில்தான் கைவைத்தார்.

நூற்றெட்டுத் தரம் ஓத வேண்டும். நூற்றேழு முடிந்ததும் சசிகரனின் மீசை கண்ணுக்குள் வந்து நின்றது. ஆனந்தராசா எழுந்து போய் முகம் கழுவினார். திரும்பி வந்து உட்காரவில்லை.

ஒரு தரம் குறைந்தால் அது வெறும் எண்ணெய். தோசைக்கு விடலாம். இருபத்தாறு வருடத் தொழிலில் அவர் செய்த முதல் களவு அதுதான்.

இப்போது அந்தக் களவு போத்தலுக்குள் பளபளவென்று இருக்கிறது. அதன் சொந்தக்காரி வாங்க வந்திருக்கிறாள்.

“திறவுங்கோவன்,” என்றாள் சுலோஜனா.

திறந்தார்.

ஆனந்தராசாவின் தொழிலில் ஒரு முறை உண்டு. எண்ணெயை வாங்குகிறவர் முதல் துளியைச் செய்தவரின் நெற்றியில் தன் கையாலேயே வைக்க வேண்டும். எண்ணெயில் வில்லங்கம் ஏதும் இருந்தால் அது முதலில் செய்தவரைத்தான் பிடிக்கும் என்று கணக்கு. வழக்கமாக எல்லோரும் பேருக்கு ஒரு விரலால் தொட்டுவிட்டு, போத்தலைத் தூக்கிக்கொண்டு போய்விடுவார்கள்.

சுலோஜனா அவசரப்படவில்லை. போத்தலைச் சரித்து மூன்று விரல்களை எண்ணெயில் நனைத்தாள். அவர் நெற்றியின் ஒரு ஓரத்திலிருந்து மறு ஓரம் வரை இழுத்து, நடுவில் நிறுத்தி, அழுத்தித் தேய்த்தாள். படங்குத் துணியில் ஊசி ஏற்றி ஏற்றிக் காய்த்துப்போன விரல்கள். ஆனந்தராசா கண்ணை மூடிக்கொண்டார். அவருக்கு அழுகை வரும்போல இருந்தது.

சும்மா ஒரு சடங்குக்கே இப்படித் தேய்க்கிறாள் என்றால், அந்த மீசைக்காரனுக்கு எப்படித் தேய்ப்பாள்?

பிறகு வேறு ஒன்று மனதில் தட்டியது. அவள் இதே சேலையோடு நேரே போவாள். நம்பிக்கையோடு தேய்ப்பாள். அவன் வாய் திறக்கமாட்டான். அவள் தலையைக் குனிந்துகொண்டு, வெயிலில் தனியாகத் திரும்பி வருவாள்.

தனக்குக் கிடைக்காமல் போவதைக்கூட அவரால் தாங்க முடியும். அவள் அப்படித் திரும்பி வருவதைத் தாங்க முடியாது.

கண்ணைத் திறந்தார். அவள் போத்தலை மூடி மேசையில் வைத்துவிட்டு, கையைக் கட்டிக்கொண்டு அவரையே பார்த்தபடி இருந்தாள்.

“சுலோஜனா, அது வேலை செய்யாது. ஒரு தரம் குறைச்சுத்தான் ஓதினனான். வேணுமெண்டுதான் செய்தனான். நீங்கள் இன்னொருத்தரிட்டப் போறதைப் பாத்துக்கொண்டிருக்க என்னால ஏலாது. மூண்டு வருசமாச் சொல்லத்தான் உங்கட கடைக்கு வந்தனான். படங்கு தைப்பிச்சதுதான் மிச்சம்.”

மூன்று வருடத்துக் கதை ஒரே மூச்சில் வந்துவிட்டது. அவருக்குக் காது இரண்டும் கொதித்தன. எழுந்து எண்ணெய் காய்ச்சுகிற குசினிக்குள் ஓடிவிடலாமா என்றுகூட ஒரு யோசனை வந்தது.

சுலோஜனா கோபப்படவில்லை. எழும்பவும் இல்லை. அவர் கண்ணுக்குள் இறங்கப் பார்த்த எண்ணெயைத் தன் புதுச் சேலைத் தலைப்பால் ஒற்றி எடுத்தாள். சிரிப்பை அடக்கப் பார்த்தாள், முடியவில்லை.

“வேலை செய்யாதெண்டு ஆர் சொன்னது? ஆள் கதைச்சிட்டாரெல்லோ.”